சுஷ்மிதா சென்: மணிலா மகுடமும் அதன் பின்னான முப்பது ஆண்டுகளும்

பிரபஞ்ச அழகிப் பட்டத்தை வென்ற முதல் இந்தியர் சுஷ்மிதா சென். 1994ஆம் ஆண்டு மே 21ஆம் தேதி, பிலிப்பைன்ஸ் தலைநகர் மணிலாவில் அவருக்கு மகுடம் சூட்டப்பட்டபோது அவருக்கு வயது 18. அந்தப் பட்டத்தின் பதவிக்காலம் ஓராண்டு மட்டுமே. அதன் பின்னர் விளம்பர மாடலாகவும், திரைப்பட நடிகையாகவும், தொலைக்காட்சி நிகழ்ச்சி நடுவராகவும், அழகிப் போட்டி அமைப்பாளராகவும், இணையத் தொடர் நாயகியாகவும் முப்பது ஆண்டுகளாக அவர் பொதுவாழ்வில் நிலைத்திருக்கிறார்.

மகுடம் சூடிய பலர் சில ஆண்டுகளிலேயே பொதுமக்களின் நினைவிலிருந்து மறைந்துவிடுகின்றனர். சுஷ்மிதா சென்னின் திரைவாழ்விலும் வெற்றிகளைவிட இடைவெளிகளே அதிகம். ஆயினும், பட்டம் தந்த புகழைத் தம் சொந்த முடிவுகளுக்குத் துணையாகப் பயன்படுத்திய விதத்தால் அவரது பெயர் இன்றும் பேசப்படுகிறது. திருமணமாகாத பெண்ணாக 24 வயதில் ஒரு பெண் குழந்தையைத் தத்தெடுத்தது அவற்றுள் முதன்மையானது.

விமானப் படைக் குடும்பம்

சுஷ்மிதா சென் 1975ஆம் ஆண்டு நவம்பர் 19ஆம் தேதி ஹைதராபாத்தில் ஒரு வங்காளிக் குடும்பத்தில் பிறந்தார். தந்தை ஷுபீர் சென் இந்திய விமானப் படையில் விங் கமாண்டராகப் பணியாற்றியவர். தாய் சுப்ரா சென் நகை வடிவமைப்பாளர். குடும்பம் டெல்லியில் குடியேறியதால், அங்குள்ள விமானப் படை பொன்விழா நிலையப் பள்ளியில் அவர் பயின்றார்.

பள்ளிப் பருவத்தில் தமக்கு ஆங்கிலத்தில் சரளமாகப் பேச வராது என்றும், பதின்பருவத்தின் பிற்பகுதியில்தான் அம்மொழியை முயன்று கற்றதாகவும் அவர் பேட்டிகளில் கூறியுள்ளார். சர்வதேச மேடையில் ஆங்கிலத்தில் கேட்கப்பட்ட ஒரு கேள்விக்கு அவர் அளித்த பதிலே அவருக்கு மகுடத்தைப் பெற்றுத் தந்தது என்பதால் இந்தத் தகவல் கவனத்திற்குரியது.

கோவாவில் சமநிலை

1994ஆம் ஆண்டுக்கான ஃபெமினா மிஸ் இந்தியா போட்டியின் இறுதிச் சுற்று கோவாவில் நடைபெற்றது. அந்த ஆண்டு போட்டியாளர்களுள் ஐஸ்வர்யா ராயும் இருந்தார். விளம்பரப் படங்கள் மூலம் ஏற்கெனவே நாடறிந்த மாடலாக இருந்த அவரே வெல்வார் என்ற எதிர்பார்ப்பு நிலவியது. ஐஸ்வர்யா போட்டியிடுவதை அறிந்ததும் தமது விண்ணப்பத்தைத் திரும்பப் பெற எண்ணியதாகவும், தாய் கண்டித்ததால் அம்முடிவைக் கைவிட்டதாகவும் சுஷ்மிதா பின்னாளில் தெரிவித்தார்.

இறுதிச் சுற்றில் இருவரும் சம மதிப்பெண் பெற்றனர். சமநிலையை முறிக்க இருவரிடமும் தனித்தனியாக ஒரு கேள்வி கேட்கப்பட்டது. ஐஸ்வர்யாவிடம், அக்காலத்தில் இந்திய வீடுகளில் பார்க்கப்பட்ட இரு அமெரிக்கத் தொலைக்காட்சித் தொடர்களின் நாயகர்களை ஒப்பிட்டுக் கணவருக்கான பண்புகள் குறித்துக் கேட்கப்பட்டது. சுஷ்மிதாவிடம் இந்தியாவின் நெசவு மரபைப் பற்றிக் கேட்கப்பட்டது. மகாத்மா காந்தியின் கதரிலிருந்து தம் பதிலைத் தொடங்கிய சுஷ்மிதா, மிஸ் இந்தியா பட்டத்தை வென்றார்.

அன்று அவர் அணிந்திருந்த ஆடை குறித்து அவரே ஒரு தொலைக்காட்சி நிகழ்ச்சியில் விவரித்துள்ளார். வடிவமைப்பாளர் ஆடை வாங்கும் வசதி குடும்பத்தில் இல்லாததால், டெல்லி சரோஜினி நகர் சந்தையில் துணி வாங்கப்பட்டது. உள்பாவாடை தைத்துத் தரும் உள்ளூர்த் தையற்காரர் ஒருவரிடம் அது கொடுக்கப்பட்டது. மீந்த துணியில் ரோஜாப் பூ செய்யப்பட்டது. புதிதாக வாங்கிய காலுறைகளை வெட்டி, ஓரத்தில் எலாஸ்டிக் வைத்துத் தைத்துக் கையுறைகளாக மாற்றினார் தாய். விரும்பியதை அடையப் பணம் முதன்மையான தேவையாக இருப்பதில்லை என்பதை அந்த ஆடை தமக்குக் கற்றுத் தந்ததாக அவர் அந்நிகழ்ச்சியில் குறிப்பிட்டார்.

மணிலா இறுதிச் சுற்று

மிஸ் இந்தியா பட்டம் வென்றவர் பிரபஞ்ச அழகிப் போட்டிக்கும், அடுத்த இடம் பெற்றவர் உலக அழகிப் போட்டிக்கும் அனுப்பப்படுவது அப்போதைய நடைமுறை. பயணத்திற்கு முன்பு சுஷ்மிதாவின் பாஸ்போர்ட் கைமாறித் தொலைந்துபோனது. அவருக்குப் பதிலாக வேறொருவரை மணிலாவுக்கு அனுப்பலாம் என்ற யோசனை எழுந்தபோது, தாம் வென்ற வாய்ப்பை விட்டுத்தர மறுத்துவிட்டதாக அவர் பின்னர் கூறினார். புதிய பாஸ்போர்ட் கிடைத்து அவரே மணிலா சென்றார்.

அந்த ஆண்டு போட்டியில் 77 நாடுகள் மற்றும் ஆட்சிப் பகுதிகளைச் சேர்ந்தவர்கள் பங்கேற்றனர். கடைசி மூவரில் சுஷ்மிதாவுடன் கொலம்பியாவின் கரோலினா கோமஸ், வெனிசுவேலாவின் மினோர்கா மெர்காடோ ஆகியோர் இடம்பெற்றனர். அழகிப் போட்டிகளில் நீண்ட வெற்றி மரபு கொண்ட லத்தீன் அமெரிக்க நாடுகளின் போட்டியாளர்கள் அவர்கள்.

மூவரிடமும் பெண்மையின் சாரம் எது என்ற ஒரே கேள்வி கேட்கப்பட்டது. பெண்ணாகப் பிறப்பதே இறைவனின் கொடை என்றும், குழந்தையின் தோற்றுவாய் தாயே என்றும், பகிர்தலையும் அன்பையும் ஆணுக்குக் காட்டித் தருபவள் பெண் என்றும் சுஷ்மிதா பதிலளித்தார். முந்தைய ஆண்டின் பிரபஞ்ச அழகியான பியூர்டோ ரிகோவின் தயானாரா டோரஸ் அவருக்கு மகுடம் சூட்டினார். கொலம்பியா இரண்டாம் இடத்தையும் வெனிசுவேலா மூன்றாம் இடத்தையும் பெற்றன.

அதற்கு முன்பு இந்தியா இந்தப் பட்டத்தை நெருங்கியதுண்டு. 1992இல் பாங்காக்கில் மது சாப்ரே மூன்றாம் இடம் பெற்றார். உலக அழகிப் பட்டத்தை 1966இலேயே ரீட்டா ஃபாரியா வென்றிருந்தார். எனினும் பிரபஞ்ச அழகிப் பட்டம் இந்தியாவுக்குக் கிடைத்தது அதுவே முதல் முறை. அதே ஆண்டு நவம்பர் 19ஆம் தேதி, தென்னாப்பிரிக்காவின் சன் சிட்டியில் ஐஸ்வர்யா ராய் உலக அழகியாகத் தேர்வானார். அன்று சுஷ்மிதாவின் 19ஆவது பிறந்தநாள். ஒரே ஆண்டில் இரு பட்டங்களும் ஒரே நாட்டுக்குக் கிடைத்தன.

சந்தையும் எதிர்ப்பும்

அந்த இரட்டை வெற்றிக்குக் கிடைத்த வரவேற்பை அன்றைய பொருளாதாரச் சூழலிலிருந்து பிரித்துப் பார்க்க இயலாது. 1991இல் தாராளமயக் கொள்கைகள் அறிமுகமாகின. அடுத்தடுத்த ஆண்டுகளில் செயற்கைக்கோள் தொலைக்காட்சி அலைவரிசைகள் கேபிள் வழியாக வீடுகளுக்குள் வந்தன. பன்னாட்டு அழகுசாதன, ஆடை, குளிர்பான நிறுவனங்கள் இந்திய நடுத்தர வர்க்கத்தை நோக்கித் திரும்பின. அந்நிறுவனங்களுக்கு இந்திய முகமும் சர்வதேச அங்கீகாரமும் ஒருங்கே கொண்ட மாடல்கள் தேவைப்பட்டனர். அழகிப் போட்டி வெற்றியாளர்கள் அந்தத் தேவையை நிறைவு செய்தனர்.

1997இல் டயானா ஹேடன், 1999இல் யுக்தா முகி, 2000இல் பிரியங்கா சோப்ரா ஆகியோர் உலக அழகிப் பட்டம் வென்றனர். 2000இல் லாரா தத்தா பிரபஞ்ச அழகியானார். மாடலிங், விளம்பரம், தொலைக்காட்சித் தொகுப்பு, திரைப்படம் என ஒரு தொழில் பாதை உருவானது. சிறு நகரங்களிலும் அழகிப் போட்டிகளும் பயிற்சி நிலையங்களும் பெருகின.

எதிர்ப்பும் உடன் எழுந்தது. பெண்ணுடலைச் சந்தைப் பொருளாக்குவதாகப் பெண்கள் அமைப்புகளும், பண்பாட்டுச் சீரழிவு என்று வேறு சில அமைப்புகளும் அழகிப் போட்டிகளைக் கண்டித்தன. 1996 நவம்பரில் பெங்களூரில் உலக அழகிப் போட்டி நடைபெற்றபோது இந்த எதிர்ப்பு உச்சத்தை அடைந்தது. போட்டியைக் கண்டித்து மதுரையில் ஒருவர் தீக்குளித்து உயிரிழந்தார். நீச்சலுடைச் சுற்று செஷல்ஸ் தீவுகளுக்கு மாற்றப்பட்டது. அந்த விவாதம் இன்றளவும் முடிவுக்கு வரவில்லை.

திரையுலக நுழைவும் தமிழ்த் தொடர்பும்

1995இல் நமீபியாவின் விண்ட்ஹோக் நகரில் அமெரிக்காவின் செல்சி ஸ்மித்துக்கு மகுடம் சூட்டியதுடன் சுஷ்மிதாவின் பதவிக்காலம் நிறைவடைந்தது. அடுத்த ஆண்டு மகேஷ் பட் இயக்கிய 'தஸ்தக்' இந்திப் படத்தில் அவர் அறிமுகமானார். வெறிகொண்ட ரசிகனால் பின்தொடரப்படும் பிரபஞ்ச அழகியாக, தம் சொந்தப் பெயரிலேயே அவர் அதில் நடித்தார். தமக்கு நடிப்புத் தெரியாது என்று இயக்குநரிடம் முன்பே கூறியதாகவும், படப்பிடிப்பில் அனைவர் முன்னிலையிலும் கடிந்துகொண்டே அவர் தம்மை நடிக்க வைத்ததாகவும் சுஷ்மிதா நினைவுகூர்ந்துள்ளார். படம் வணிக ரீதியாக எடுபடவில்லை.

அவரது அடுத்த முக்கியப் படம் தமிழில் வெளிவந்தது. கே.டி.குஞ்சுமோன் தயாரிப்பில், பிரவீன்காந்தி இயக்கத்தில், நாகார்ஜுனா நாயகனாக நடித்த 'ரட்சகன்' 1997 தீபாவளிக்கு வெளியானது. ஏ.ஆர்.ரஹ்மானின் இசையில் அப்படத்தின் பாடல்கள் பெரும் வரவேற்பைப் பெற்றன. சோனியா என்ற அந்தக் கதாபாத்திரத்தின் வழியாகவே தமிழ் ரசிகர்கள் பலர் அவரை இன்றும் அறிவர். 1999இல் ஷங்கர் இயக்கிய 'முதல்வன்' படத்தில் அர்ஜுனுடன் ஒரு பாடலுக்கு அவர் நடனமாடினார்.

இந்தியில் அவருக்குத் திருப்புமுனையாக அமைந்த இரு படங்களும் தமிழிலிருந்து சென்றவை. பாலுமகேந்திராவின் 'சதி லீலாவதி' இந்தியில் டேவிட் தவான் இயக்கத்தில் 'பீவி நம்பர் 1' ஆனது. அகத்தியனின் 'காதல் கோட்டை', 'சிர்ஃப் தும்' என்ற பெயரில் மறுஆக்கம் செய்யப்பட்டது. இரண்டும் 1999இல் வெளிவந்தன. தமிழ் மூலங்கள் இரண்டிலும் நடிகை ஹீரா ஏற்றிருந்த வேடங்களையே இந்தியில் சுஷ்மிதா ஏற்றார். இரு படங்களுக்காகவும் சிறந்த துணை நடிகைக்கான ஃபிலிம்ஃபேர் பரிந்துரையைப் பெற்ற அவர், 'பீவி நம்பர் 1' படத்துக்காக விருதை வென்றார். 'சிர்ஃப் தும்' படத்தில் அவர் ஆடிய 'தில்பர்' பாடல், 2018இல் வேறொரு இந்திப் படத்தில் புதிய வடிவில் மீண்டும் பயன்படுத்தப்படும் அளவுக்கு நிலைத்தது.

2002இல் வெளிவந்த 'ஆங்கே' படத்தில், பார்வையற்ற மூவருக்கு வங்கிக் கொள்ளைப் பயிற்சி அளிக்கும் பெண்ணாக நடித்தார். அதே ஆண்டு மேக்னா குல்ஸாரின் முதல் படமான 'ஃபில்ஹால்' படத்தில், தோழிக்காக வாடகைத் தாயாகும் பெண்ணாகத் தபுவுடன் இணைந்து நடித்தார். வாடகைத் தாய் முறை குறித்து இந்தியாவில் பொதுவெளி விவாதம் பரவலாவதற்கு முன்பே வந்த படம் அது. 2003இல் 'சமய்' படத்தில் தொடர் கொலைகளைத் துப்புத் துலக்கும் காவல்துறை அதிகாரி வேடம் ஏற்றார்.

2004இல் ஃபரா கான் இயக்கத்தில் ஷாருக் கான் நடித்த 'மே ஹூன் நா' படத்தின் வேதியியல் ஆசிரியை வேடம் அவரது திரைவாழ்வில் மிக அதிகம் நினைவுகூரப்படும் ஒன்று. 2006இல் கல்பனா லாஜ்மியின் 'சிங்காரி' படத்தில் பாலியல் தொழிலாளியாக நடித்தார். ஆயினும் தனி நாயகியாகத் தொடர் வெற்றிகள் அவருக்கு அமையவில்லை. 2010இல் வெளியான 'துல்ஹா மில் கயா', 'நோ பிராப்ளம்' ஆகியவற்றுக்குப் பின் இந்தித் திரையிலிருந்து நீண்ட காலம் விலகியிருந்தார். இடையில் 2015இல் ஸ்ரீஜித் முகர்ஜியின் 'நிர்பாக்' என்ற வங்காளப் படத்தில் மட்டும் தோன்றினார்.

தத்தெடுப்பும் சட்டமும்

திரைப்படங்களைவிட அவரது பெயரை அதிகம் நிலைநிறுத்தியது 2000ஆம் ஆண்டு அவர் எடுத்த முடிவு. அந்த ஆண்டு ரெனே என்ற பெண் குழந்தையை அவர் தத்தெடுத்தார். 21 வயதிலேயே இம்முடிவுக்கு வந்ததாகவும், அதன் பின் 24 வயது வரை சட்டப் போராட்டம் நீடித்ததாகவும் அவர் கூறியுள்ளார்.

1956ஆம் ஆண்டின் இந்து தத்தெடுப்பு மற்றும் பராமரிப்புச் சட்டம், திருமணமாகாத வயது வந்த பெண் தத்தெடுப்பதை அனுமதிக்கிறது. சட்டத்தில் இடம் இருந்தபோதும் நடைமுறையில் தயக்கங்கள் இருந்தன. வளர்ந்துவரும் நடிகை ஒருவர் தனியாகக் குழந்தையை வளர்க்க முடியுமா, பின்னாளில் அவரது திருமணத்துக்கு இது தடையாகாதா என்ற கேள்விகளை அவர் எதிர்கொண்டார். நீதிமன்றத்தில் தந்தை ஷுபீர் சென் தமது உடைமைகளைக் குழந்தையின் பெயரில் எழுதித் தர முன்வந்ததாகவும், அந்த ஆதரவே வழக்கில் பெரும் வலுவாக அமைந்ததாகவும் சுஷ்மிதா விவரித்துள்ளார். தீர்ப்பு எதிராக வந்தால் குழந்தையுடன் புறப்பட்டுவிடும் எண்ணத்தில், வாகனத்தைத் தயாராக வைத்திருக்குமாறு தந்தையிடம் கூறியிருந்ததாகவும் ஒரு பேட்டியில் தெரிவித்தார்.

இரண்டாவது மகள் அலிசாவை அவர் 2010இல் தத்தெடுத்தார். இம்முறை சட்டமே தடையாக நின்றது. 1956ஆம் ஆண்டுச் சட்டத்தின் 11ஆவது பிரிவின்படி, மகள் உள்ள ஒருவர் மற்றொரு பெண் குழந்தையைத் தத்தெடுக்க இயலாது. மகன் உள்ளவர் மற்றொரு ஆண் குழந்தையைத் தத்தெடுக்கவும் அதே தடை உண்டு. 2006இல் திருத்தப்பட்ட சிறார் நீதிச் சட்டம், ஆதரவற்ற, கைவிடப்பட்ட குழந்தைகளைப் பொறுத்தவரை இந்தத் தடையைத் தளர்த்தியது. சொந்த மகள் உள்ள தம்பதியர் மற்றொரு பெண் குழந்தையைத் தத்தெடுக்கலாம் என்று 2009இல் வேறொரு வழக்கில் மும்பை உயர் நீதிமன்றம் தீர்ப்பளித்தது. இரு சட்டங்களையும் இணக்கமாகப் பொருள்கொள்ள வேண்டும் என்பது அத்தீர்ப்பின் சாரம்.

தனித்து வாழும் பெண் தத்தெடுப்பது குறித்த செய்திகளில் இன்றும் சுஷ்மிதாவின் பெயர் முன்னுதாரணமாகக் குறிப்பிடப்படுகிறது. பிரபலத்துக்கு எளிதில் கிடைக்கும் வழக்கறிஞர்களும் பண வசதியும் சாதாரணப் பெண்களுக்குக் கிடைப்பதில்லை என்பது உண்மை. ஆனால் அப்படியொரு வழி இருக்கிறது என்பதையே பலர் அந்தச் செய்தியின் மூலம் அறிந்தனர்.

விளம்பர ஒப்பந்தமும் வரி வழக்கும்

மாடலிங் தொழிலின் மறுபக்கத்தைக் காட்டும் ஒரு வழக்கு 2018 நவம்பரில் முடிவுக்கு வந்தது. பல ஆண்டுகளுக்கு முன் ஒரு பன்னாட்டுக் குளிர்பான நிறுவனத்துடன் சுஷ்மிதா செய்துகொண்ட விளம்பர ஒப்பந்தம் காலம் முடியும் முன்னரே முறிந்தது. நிறுவனத்தைச் சேர்ந்த ஒருவரின் பாலியல் தொந்தரவுக்கு இணங்க மறுத்ததே அதற்குக் காரணம் என்பது அவர் தரப்பு வாதம். பின்னர் இரு தரப்பும் சமரசம் செய்துகொண்டன. அவருக்கு 1.45 கோடி ரூபாய் வழங்கப்பட்டது. அதில் ஒப்பந்தப்படி பாக்கியிருந்த தொகை 50 லட்சம் ரூபாய்.

எஞ்சிய 95 லட்சம் ரூபாயையும் வருமானமாகக் கருதிய வருமான வரித் துறை, அதை மறைத்ததாகக் கூறி அபராதமும் விதித்தது. இதை எதிர்த்து சுஷ்மிதா மும்பை வருமான வரி மேல்முறையீட்டுத் தீர்ப்பாயத்தை அணுகினார். அத்தொகை தொழில் வருமானம் அல்ல, நேர்ந்த பாதிப்புக்கான இழப்பீடு என்றும், ஆகவே அதற்கு வரி விதிக்க முடியாது என்றும் தீர்ப்பாயம் முடிவு செய்து அபராதத்தையும் நீக்கியது.

நாட்டில் பணியிடப் பாலியல் துன்புறுத்தல் குறித்த 'மீ டூ' குரல்கள் ஓங்கியிருந்த காலத்தில் இந்த உத்தரவு வெளியானது. துன்புறுத்தல் புகாரில் பெறப்படும் இழப்பீட்டுக்கு வரி உண்டா என்ற கேள்வியில் வரி வல்லுநர்கள் மேற்கோள் காட்டும் உத்தரவுகளுள் இதுவும் ஒன்றாகியுள்ளது.

போட்டியாளரிலிருந்து நடுவராக

2008இல் கலர்ஸ் தொலைக்காட்சியில் ஒளிபரப்பான 'ஏக் கிலாடி ஏக் ஹசீனா' நடன நிகழ்ச்சியில், பாகிஸ்தான் கிரிக்கெட் அணியின் முன்னாள் தலைவர் வாசிம் அக்ரமுடன் அவர் நடுவராக இருந்தார். கிரிக்கெட் வீரர்களும் நடிகைகளும் இணையாக ஆடிய நிகழ்ச்சி அது.

2010இல் தமது 'தந்த்ரா எண்டர்டெயின்மென்ட்' நிறுவனம் மூலம் 'ஐ ஆம் ஷி' என்ற அழகிப் போட்டியைத் தொடங்கினார். பிரபஞ்ச அழகிப் போட்டிக்கு இந்தியப் பிரதிநிதியைத் தேர்வு செய்யும் உரிமை அந்தப் போட்டிக்குக் கிடைத்தது. 2010இல் உஷோஷி சென்குப்தாவும், 2011இல் வாசுகி சுங்கவல்லியும் அதன் வழியே சர்வதேச மேடைக்குச் சென்றனர். 2012இல் வென்ற ஊர்வசி ரவுத்தேலா வயது விதியின் காரணமாகப் பங்கேற்க இயலாமல் போகவே, ஷில்பா சிங் அனுப்பப்பட்டார். மூன்று ஆண்டுகளுக்குப் பின் அப்போட்டி தொடரவில்லை.

2017 ஜனவரி 30ஆம் தேதி மணிலாவில் நடைபெற்ற பிரபஞ்ச அழகி இறுதிச் சுற்றில் நடுவர்களுள் ஒருவராக அவர் அமர்ந்தார். தாம் மகுடம் சூடிய அதே நகருக்கு 23 ஆண்டுகளுக்குப் பின் அவர் திரும்பிய நிகழ்வு அது. பிரான்ஸின் ஐரிஸ் மித்தனேர் அன்று பட்டம் வென்றார்.

நோயும் மீட்சியும்

2014இல் அவருக்கு அட்ரீனல் சுரப்பியைப் பாதிக்கும் அடிசன் நோய் இருப்பது கண்டறியப்பட்டது. உடலுக்கு இன்றியமையாத கார்டிசால் ஹார்மோன் போதிய அளவில் சுரக்காமல் போகும் நிலை இது. சோர்வு, எடை இழப்பு, ரத்த அழுத்தக் குறைவு ஆகியவை இதன் அறிகுறிகள். எட்டு மணி நேரத்துக்கு ஒரு முறை ஸ்டீராய்டு மருந்து உட்கொள்ள வேண்டிய கட்டாயத்தில் இருந்ததாக 2020 மே மாதம் அவர் வெளியிட்ட பதிவில் தெரிவித்தார். தோற்றமே தொழிலின் அடித்தளமாக உள்ள ஒருவர், தோற்றத்தையும் வலிமையையும் மாற்றிவிடும் மருந்துகளுடன் வாழ்ந்ததை வெளிப்படையாகப் பேசியது பரவலான கவனத்தைப் பெற்றது. நுஞ்சாக்கு என்ற தற்காப்புக் கலைக் கருவியைக் கொண்டு உடற்பயிற்சி செய்து மீண்டதாகவும் அவர் குறிப்பிட்டார்.

2023 மார்ச் 2ஆம் தேதி, சில நாட்களுக்கு முன் தமக்கு மாரடைப்பு ஏற்பட்டதாகவும், ஆஞ்சியோபிளாஸ்டி சிகிச்சையில் ஸ்டென்ட் பொருத்தப்பட்டதாகவும் சமூக ஊடகத்தில் அறிவித்தார். முக்கிய ரத்தக் குழாயில் 95 விழுக்காடு அடைப்பு இருந்ததாகப் பின்னர் தெரிவித்தார். மாரடைப்பு ஆண்களுக்கு மட்டுமே உரிய நோய் என்ற எண்ணம் தவறு என்று கூறிய அவர், பெண்கள் உரிய நேரத்தில் பரிசோதனை செய்துகொள்ள வேண்டும் என்றும் வலியுறுத்தினார். அந்த மாதத்திலேயே லாக்மே ஃபேஷன் வீக் மேடையில் நடந்தார்.

இணையத் தொடர்கள் தந்த இரண்டாம் வாய்ப்பு

பத்தாண்டு இடைவெளிக்குப் பின், 2020 ஜூன் 19ஆம் தேதி டிஸ்னி பிளஸ் ஹாட்ஸ்டார் தளத்தில் வெளியான 'ஆர்யா' தொடர் அவரை மீண்டும் முன்னணிக்குக் கொண்டுவந்தது. நெதர்லாந்துத் தொடரான 'பெனோசா'வைத் தழுவி ராம் மாத்வானி உருவாக்கிய தொடர் இது. ராஜஸ்தானில் மருந்து நிறுவனம் நடத்தும் குடும்பத்தின் மறைமுகப் போதைப்பொருள் வணிகத்தில், கணவர் கொல்லப்பட்ட பின் மூன்று குழந்தைகளைக் காக்கத் தாமே இறங்க நேரும் பெண்ணின் கதையை அது சொல்கிறது. 2021ஆம் ஆண்டு சர்வதேச எம்மி விருதுகளில் சிறந்த நாடகத் தொடர் பிரிவில் 'ஆர்யா' பரிந்துரைக்கப்பட்டது. 2021 டிசம்பரில் இரண்டாம் பருவமும், 2023 நவம்பர், 2024 பிப்ரவரி மாதங்களில் இரு பகுதிகளாக மூன்றாம் பருவமும் வெளியாயின. மாரடைப்பு ஏற்பட்ட காலத்தில் மூன்றாம் பருவப் படப்பிடிப்பில் இருந்த அவர், சிகிச்சைக்குப் பின் திரும்பி அதை முடித்துக் கொடுத்தார்.

2023 ஆகஸ்ட் 15ஆம் தேதி ஜியோசினிமா தளத்தில் வெளியான 'தாலி' தொடரில், திருநங்கைச் செயற்பாட்டாளர் ஸ்ரீகௌரி சாவந்த் வேடத்தை ஏற்றார். 'தாலி' என்பதற்கு இந்தியில் கைதட்டல் என்று பொருள். ரவி ஜாதவ் இயக்கினார். மூன்றாம் பாலினத்தவரின் உரிமைகளை அங்கீகரித்து 2014 ஏப்ரல் 15ஆம் தேதி உச்ச நீதிமன்றம் வழங்கிய தீர்ப்புக்கு வழிவகுத்த வழக்கில் மனுதாரர்களுள் ஒருவர் ஸ்ரீகௌரி சாவந்த். திருநங்கை வேடத்தைத் திருநங்கை நடிகர் ஒருவருக்கே வழங்கியிருக்கலாம் என்ற கருத்தும் அப்போது எழுந்தது.

இருபதுகளில் அவருக்குக் கிடைத்த வேடங்களில் பெரும்பாலானவை அழகையும் உயரத்தையும் மையமாகக் கொண்டவை. கவர்ச்சிமிக்க 'மற்றொரு பெண்' பாத்திரங்களும் பாடல் காட்சிகளும் அவற்றில் அதிகம். 40 வயதுக்குப் பின் வந்த இரு தொடர்களும் தாய்மை, பொறுப்பு, உரிமைப் போராட்டம் ஆகியவற்றை மையமாகக் கொண்டவை. நடுத்தர வயது நடிகைகளை மையப்படுத்தி நீண்ட கதை சொல்ல இணையத் தளங்கள் முன்வந்ததும் இந்த மாற்றத்துக்கு ஒரு காரணம்.

பட்டத்தின் எல்லை

பிரபஞ்ச அழகிப் பட்டத்தை இதுவரை வென்ற இந்தியர்களில் சுஷ்மிதாவுக்கு அடுத்து லாரா தத்தாவும், 2021 டிசம்பரில் இஸ்ரேலின் எய்லாத் நகரில் வென்ற ஹர்னாஸ் சந்துவும் உள்ளனர். ஒவ்வொரு வெற்றியின்போதும் 1994ஆம் ஆண்டின் மணிலாக் காட்சி மீண்டும் ஒளிபரப்பாகிறது.

அந்த மகுடம் சுஷ்மிதாவுக்கு விளம்பர ஒப்பந்தங்களையும் முதல் படத்தையும் பெற்றுத் தந்தது. தொடர்ச்சியான திரை வெற்றியை அது தரவில்லை. பணியிடத் தொந்தரவிலிருந்தும் நோயிலிருந்தும் காக்கவில்லை. நீதிமன்றத்தில், வரித் தீர்ப்பாயத்தில், மருத்துவமனையில் அவர் எடுத்த முடிவுகள் பட்டத்துக்கு அப்பாற்பட்டவை. குழந்தையின் தோற்றுவாய் தாயே என்று 18 வயதில் மேடையில் கூறியவர், ஆறு ஆண்டுகளுக்குள் தாம் பெறாத ஒரு குழந்தைக்குத் தாயானார். முப்பது ஆண்டுகளுக்குப் பின்னும் அவர் குறித்த செய்திகளில் மகுடத்துக்கு இணையாக அந்த முடிவும் இடம்பெறுகிறது.

முக்கிய ஆண்டுகள்

1975: ஹைதராபாத்தில் பிறப்பு
1994: ஃபெமினா மிஸ் இந்தியா, மணிலாவில் பிரபஞ்ச அழகிப் பட்டம்
1996: 'தஸ்தக்' படத்தில் திரை அறிமுகம்
1997: தமிழில் 'ரட்சகன்'
1999: 'பீவி நம்பர் 1', 'சிர்ஃப் தும்', 'முதல்வன்' பாடல் காட்சி
2000: முதல் மகளைத் தத்தெடுத்தல்
2004: 'மே ஹூன் நா'
2008: தொலைக்காட்சி நடன நிகழ்ச்சி நடுவர்
2010: இரண்டாவது மகளைத் தத்தெடுத்தல், 'ஐ ஆம் ஷி' அழகிப் போட்டி தொடக்கம்
2017: மணிலாவில் பிரபஞ்ச அழகிப் போட்டி நடுவர்
2018: வருமான வரி வழக்கில் சாதகமான உத்தரவு
2020: 'ஆர்யா' தொடர்
2023: மாரடைப்பிலிருந்து மீட்சி, 'தாலி' தொடர்